‘மரியகிராட்சியா’ என்ற இத்தாலியப் பெண் பெயருக்கு என்ன பொருள்? சேர்த்து எழுதுவதா, பிரித்து எழுதுவதா?

கேட்டிருப்பது மூன்று விஷயம். மரியகிராட்சியா என்றால் என்ன பொருள், அந்தப் பெயர் எங்கிருந்து வந்தது, ஒரே சொல்லாக எழுதுவதா ‘மரியா கிராட்சியா’ என்று இரண்டாக எழுதுவதா. முதல் கேள்விக்கு ஒற்றைச் சொல்லில் பதில் இருக்கிறது: அருள்மேரி. நம் ஊர்க் கத்தோலிக்கக் குடும்பங்களில் பெண் குழந்தைக்கு அருள்மேரி என்று பேர் வைப்பதும் இத்தாலியில் மரியகிராட்சியா என்று வைப்பதும் ஒரே வேரிலிருந்து கிளைத்த பழக்கம். மற்ற இரண்டுக்கும் கொஞ்சம் விரிவாகப் போக வேண்டும். அதிலும் மூன்றாவது கேள்வி பார்க்கச் சின்னதாகத் தெரியும்; சான்றிதழ்களில் தகராறு கிளம்புவது அங்கேதான்.

முதலில் உச்சரிப்பு. ஆங்கிலப் பழக்கத்தில் ‘கிரேசியா’ என்றும் ஸ்பானிய வாடையில் ‘கிராசியா’ என்றும் சொல்பவர்கள் உண்டு. இரண்டும் இத்தாலியக் காதுக்கு ஒட்டாது. இத்தாலிய மொழியில் உயிரொலிகளுக்கு நடுவே வரும் இசட், எழுத்தில் ஒன்றே இருந்தாலும் ஒலியில் இரட்டித்து, பெரும்பாலும் ‘த்ஸ்’ என்று அழுத்தமாக விழும். அதனால் ‘க்ராத்-த்ஸ்யா’ என்று இரண்டே அசை. தமிழ் எழுத்தில் ‘கிராட்சியா’ அதற்கு ஓரளவு பக்கத்தில் வருகிறது. மரியா தனியாக நிற்கும்போது அழுத்தம் நடுவில் இருக்கும்: ம-ரீ-யா. கிராட்சியாவோடு சேர்ந்ததும் அந்த அழுத்தம் தளர்ந்து, பெயரின் கனம் முழுக்க ‘க்ரா’வில் போய் உட்கார்ந்துகொள்ளும். எழுத்தில் இடைவெளி விட்டாலும் விடாவிட்டாலும் வாயில் வருவது ஒரே சொல்தான்.

இனிப் பொருள். பெயர்ப் பட்டியல் தளங்களைத் திறந்தால் மரியாவுக்கு ஒரு பொருள், கிராட்சியாவுக்கு ஒரு பொருள் எடுத்து இரண்டையும் கூட்டி ‘கசப்பான கடலின் நளினம்’ என்கிற ரகத்தில் எதையாவது போட்டிருப்பார்கள். மீனாட்சிசுந்தரம் என்ற பெயருக்கு ‘மீன், கண், அழகு’ என்று கூட்டிச் சொன்னால் மதுரைக்காரர் எப்படிச் சிரிப்பாரோ அப்படித்தான் இதுவும். அந்தப் பெயர் அம்மனையும் சொக்கனையும் குறிக்கிறது. மீனுக்கு அங்கே வேலை இல்லை. மரியகிராட்சியாவும் அப்படியே. பெயர் வைத்தவர் மனதில் இருந்தது ஒரு குறிப்பிட்ட மாதா, ஒரு குறிப்பிட்ட பட்டம்.

ஆனாலும் வேர்களைத் தெரிந்துகொள்வதில் தவறில்லை. மரியா, எபிரேய மிரியாம் என்பதன் கிரேக்க வடிவம் வழியாக லத்தீனுக்கு வந்தது. மிரியாமின் பொருள் பற்றி அறிஞர்கள் இன்னும் ஒத்துப்போகவில்லை. ‘கசப்பு’ என்கிறார்கள், ‘கலகம்’ என்கிறார்கள், அன்பைக் குறிக்கும் எகிப்திய வேர் ஒன்றைக் காட்டுபவர்களும் உண்டு. எனக்குப் பிடித்தது இன்னொன்று. எபிரேயத்தில் ‘மர்’ என்றால் துளி, ‘யாம்’ என்றால் கடல். அதை வைத்து லத்தீனில் ‘ஸ்தில்லா மாரிஸ்’, கடல்துளி, என்று விளக்கம் எழுதினார் புனித ஜெரோம். பிரதி எடுத்தவர்கள் கையில் ஓர் எழுத்து மாறி அது ‘ஸ்தெல்லா மாரிஸ்’, கடல் நட்சத்திரம், ஆகிவிட்டது என்பதே பலரும் ஏற்கும் விளக்கம். இத்தாலியில் மரிஸ்தெல்லா என்ற பெண் பெயர் இன்றும் உண்டு. எழுத்துப் பிழையிலிருந்து பிறந்த இவ்வளவு அழகான பெயர் வேறு எங்கும் இருக்குமா தெரியவில்லை. இன்னொரு சின்னக் குழப்பத்தையும் இங்கேயே தீர்த்துவிடலாம். பழைய ரோமில் மாரியுஸ் குலத்துப் பெண்களுக்கும் ‘மாரியா’ என்றே பெயர். அது லத்தீன் குலப்பெயர், அழுத்தம் முதல் அசையில். கிறிஸ்தவ மரியாவுக்கும் அதற்கும் எழுத்து ஒன்று, வேர் வேறு.

கிராட்சியா இன்னும் சுவாரசியம். லத்தீன் ‘கிராசியா’விலிருந்து வந்த இந்தச் சொல் இன்றைய இத்தாலியப் பேச்சில் குறைந்தது நான்கு வேலை பார்க்கிறது. நடை உடை பாவனையில் தெரியும் நளினம் ஒன்று. இறையருள் இரண்டாவது. வேண்டிக் கேட்டுக் கிடைத்த வரம், உபகாரம் மூன்றாவது. தண்டனை பெற்றவருக்குக் குடியரசுத் தலைவர் தரும் மன்னிப்பு நான்காவது. இத்தாலிய அரசியல் சாசனத்தின் 87ஆம் பிரிவு குடியரசுத் தலைவருக்குத் தரும் அதிகாரத்தின் பெயரும் ‘கிராட்சியா’தான். இதன் பன்மை ‘கிராட்சியே’. அதுதான் எல்லோருக்கும் தெரிந்த ‘நன்றி’. அதனால்தான் இத்தாலி போய் வந்தவர்கள் கிராட்சியா என்ற பெண்ணைக் ‘கிராட்சியே’ என்று கூப்பிட்டு அசடு வழிகிறார்கள். பெயர் ஒருமை, நன்றி பன்மை. கடைசி உயிரில்தான் எல்லாம்.

மரியாவையும் கிராட்சியாவையும் முதன்முதலில் சேர்த்து வைத்தது லூக்கா நற்செய்தியின் முதல் அதிகாரம், 28ஆம் வசனம். வானதூதர் மரியாவை வாழ்த்தும் இடம். கிரேக்க மூலத்தில் அங்கே ‘கெகாரித்தோமெனே’ என்ற ஒற்றைச் சொல் இருக்கிறது. அருளப்பட்டவள், அருள் பெற்று நிலைத்தவள் என்பதுபோல ஒரு செயப்பாட்டு வினையாலணையும் பெயர். லத்தீன் விவிலியமான வுல்காத்தா அதைக் ‘கிராசியா பிளேனா’, அருளால் நிறைந்தவள், என்று ஆக்கியது. இத்தாலியச் செபத்தில் அது ‘பியேனா தி கிராட்சியா’. தமிழில் இந்த இடம் வந்த வழியே தனிக் கதை: பழைய செபத்தில் ‘பிரியதத்தத்தினாலே பூரண மரியாயே வாழ்க’, இப்போது ‘அருள் நிறைந்த மரியே வாழ்க’, சீர்திருத்தச் சபையின் பழைய மொழிபெயர்ப்பில் ‘கிருபை பெற்றவளே, வாழ்க’. கவனித்துப் பார்த்தால் கடைசியில் உள்ளதுதான் கிரேக்கத்துக்கு நெருக்கம், முதல் இரண்டும் லத்தீனைப் பின்பற்றியவை. மரியகிராட்சியா, அருள்மேரி இரண்டுக்கும் தாய் அந்த லத்தீன் வாக்கியம்.

ஆனால் செபம் மட்டும் போதாது. ஒரு பெயர் ஊர் ஊராகப் பரவ வேண்டுமென்றால் அதற்குக் கோயில் வேண்டும், திருநாள் வேண்டும். இங்கே அந்த வேலையைச் செய்தது ‘மதொன்னா தெல்லே கிராட்சியே’, அதாவது வரங்களின் மாதா என்ற பட்டம். பன்மையைக் கவனியுங்கள். செபத்தில் மரியா அருள் ‘பெற்றவர்’; இந்தப் பட்டத்தில் வரங்களைத் ‘தருபவர்’, வாங்கித் தருபவர். இத்தாலியில் இந்தப் பெயரில் கோயில் இல்லாத வட்டாரத்தைத் தேடித்தான் பிடிக்க வேண்டும். மிலான் நகரின் சாந்தா மரியா தெல்லே கிராட்சியே உலகத்துக்கே தெரியும். லியோனார்தோ தா வின்சி 1490களில் தீட்டிய இறுதி இராவுணவு ஓவியம் அந்த மடத்து உணவுக்கூடச் சுவரில்தான் இருக்கிறது. தெற்கே சான் ஜொவான்னி ரொத்தோந்தோவில் பாத்ரே பியோ என்ற புகழ்பெற்ற துறவி வாழ்ந்த மடத்துக் கோயிலும் இதே பெயர்தான். ஃபாயென்சா நகரில் இந்த மாதா இரு கைகளிலும் முறிந்த அம்புகளைப் பிடித்திருப்பார்; அம்பு என்பது கொள்ளைநோய், முறிந்தது என்றால் நோய் நின்றது.

அதிகம் பேசப்படாத ஒன்று மாந்துவா நகருக்கு வெளியே குர்த்தத்தோனே என்ற ஊரில் இருக்கிறது. கொள்ளைநோய்க் காலத்தில் பிரான்செஸ்கோ கொன்சாகா பிரபு நேர்ந்துகொண்டு கட்டி, 1406இல் அர்ச்சிக்கப்பட்ட வரங்களின் மாதா கோயில் அது. உள்ளே நுழைந்து நிமிர்ந்தால் கூரையிலிருந்து சங்கிலியில் ஒரு முதலை தொங்கும். பொம்மை இல்லை, பாடம் செய்த நிஜ முதலை. இரு பக்கச் சுவர்களிலும் மாடம் மாடமாக ஆளுயர உருவங்கள். ஆபத்திலிருந்து தப்பியவர்கள், தப்பிய காட்சியையே உருவமாகச் செய்து வைத்த காணிக்கைகள். ‘கிராட்சியே’ என்ற பன்மைக்கு என்ன அர்த்தம் என்று அகராதியில் தேடுவதைவிட அந்தச் சுவரைப் பார்த்தால் சட்டென்று புரியும். இத்தாலியக் கோயில்களில் வெள்ளி இதயங்களோடு ‘பி, ஜி, ஆர்’ என்று மூன்றெழுத்து பொறித்துத் தொங்கவிட்டிருப்பார்கள். ‘பெர் கிராட்சியா ரிச்செவூத்தா’, பெற்ற வரத்துக்காக, என்பதன் சுருக்கம். வேளாங்கண்ணியில் வெள்ளியில் கண், கை, கால் செய்து செலுத்துகிறோமே, அதே நேர்த்திக்கடன்.

அந்த மாந்துவா மாவட்டத்துக்கும் நமக்கும் ஒரு நேர் உறவு உண்டு. வீரமாமுனிவர் 1680இல் பிறந்த காஸ்திலியோனே தெல்லே ஸ்திவியேரே அதே மாவட்டத்து ஊர். அவர் ஏலாக்குறிச்சியில் அடைக்கல மாதாவுக்கும் கோணாங்குப்பத்தில் பெரியநாயகி மாதாவுக்கும் கோயில் எழுப்பினார். அடைக்கலமேரி என்று பெயர் வைக்கும் வழக்கம் இன்றும் இங்கே இருக்கிறது. மாதாவின் பட்டத்தையே பெண்ணின் பெயராக்குவது என்ற பழக்கம் அவர் ஊரிலும் நம் ஊரிலும் ஒன்றுதான். வித்தியாசம் சொல் வரிசையில் இருக்கிறது. தமிழில் அடைமொழி முன்னால், மேரி பின்னால்: ஆரோக்கியமேரி, சகாயமேரி, அருள்மேரி. இத்தாலியில் மரியா முன்னால், பட்டம் பின்னால்: மரியா கிராட்சியா, மரியா ரொசாரியா, மரியா கொன்செத்தா. ஒரே பெயரைக் கண்ணாடியில் திருப்பிப் பார்ப்பதுபோல.

இந்தக் கண்ணாடியில் வரிசையாகப் பார்க்கலாம். இம்மகொலாத்தா, கொன்செத்தா என்பன நம் அமலோற்பவமேரி. திருநாள் டிசம்பர் 8. அத்தொலொராத்தா நம் வியாகுலமேரி, செப்டம்பர் 15. ரொசாரியா நம் செபமாலைமேரி, அக்டோபர் 7. ‘நேவே’ அல்லது ‘நீவெஸ்’ என்ற பெயர், ரோமில் ஆகஸ்ட் மாதம் பனி பெய்த ஐதீகத்தோடு சேர்ந்த மாதாவுடையது. தூத்துக்குடிப் பனிமய மாதாவுக்கும் அதே ஆகஸ்ட் 5தான் திருநாள், முத்துக்குளித்துறையில் பனிமயம் என்று பெயர் வைப்பதும் அதனால்தான். ஒரு வேறுபாடு சொல்ல வேண்டும். கொன்செத்தா, அத்தொலொராத்தா, இம்மகொலாத்தா என்று கேட்டாலே இத்தாலியருக்குத் தென்னித்தாலி நினைவுக்கு வரும். மரியகிராட்சியாவுக்கு அப்படி வட்டார முத்திரை கிடையாது.

சிலர் மரியகிராட்சியாவை அன்னமரியா, மரியலுயீசா போன்றவற்றோடு ஒரே கூடையில் போடுகிறார்கள். அவை இரண்டு தனி ஆட்களின் பெயர்களைச் சேர்த்தவை: அன்னாவும் மரியாவும், மரியாவும் லுயீசாவும். பெரும்பாலும் இரண்டு பாட்டிகளையும் சமாதானப்படுத்தச் செய்யும் ஏற்பாடு. மரியகிராட்சியா ஒருவர்தான், அவருடைய பட்டத்தோடு. வேடிக்கை என்னவென்றால் அன்னா என்ற பெயரின் எபிரேய வேர் ‘ஹன்னா’வுக்கும் அருள் என்றே பொருள். ஆக, சொல்லாராய்ச்சிப்படி அன்னமரியாவும் மரியகிராட்சியாவும் ஒரே பொருள்தான், வரிசை மட்டும் மாறி. ஆனால் அன்னமரியா என்று பெயர் வைத்த யாருக்கும் அது நினைவில் இருந்திருக்காது. அவர்கள் நினைத்தது மரியாவின் தாயார் புனித அன்னம்மாளை.

எந்த வகை என்று தெரிந்துகொள்ள ஒரு சுலபமான சோதனை: நடுவில் ‘தெல்லா’, ‘தெல்லே’, ‘தெல்’ என்ற வேற்றுமைச் சொல்லை வைத்துப் பாருங்கள். ‘மரியா தெல்லே கிராட்சியே’ ஓடும். பழைய பதிவேடுகளில் முழுப் பெயராகவே அப்படி எழுதப்பட்ட பெண்களும் உண்டு. ‘மரியா தெல் கார்மினே’ ஓடும்; மரியா கார்மேலா அதன் பிள்ளை. ‘அன்னா தெல்லா மரியா’ ஓடாது.

ஒட்டும்போது என்ன நடக்கும் என்பதும் நம் புணர்ச்சி விதி மாதிரிதான். இரண்டாவது சொல் மெய்யில் தொடங்கினால் மாற்றமே இல்லை: மரியா, கிராட்சியா, மரியகிராட்சியா. உயிரில் தொடங்கினால் பெரும்பாலும் ஓர் உயிர் விழுந்துவிடும்: மரியாவும் ஆஞ்செலாவும் மரியாஞ்செலா, ரோசாவும் அன்னாவும் ரொசான்னா. மரிசா, மரிலேனா போன்றவற்றில் மரியாவின் வாலே போய்விட்டது. ஆனால் எல்லாவற்றையும் இப்படிப் பிளக்கக் கூடாது. அனுன்ட்சியாத்தாவில் அன்னா இல்லை. அது மார்ச் 25 மங்கள வார்த்தைத் திருநாளின் பெயர். மரியெல்லாவில் எல்லா என்று யாரும் இல்லை. அது செல்லமாகச் சுருக்கும் விகுதி. மரீனாவுக்கும் மரியாவுக்கும் சம்பந்தமில்லை. கடல்சார்ந்தவள் என்ற லத்தீன் பெயர் அது. ரொசலிந்தா, ரொஸ்முந்தா இரண்டிலும் ரோஜாப்பூ இல்லை. இரண்டும் ஜெர்மானியப் பெயர்கள். 6ஆம் நூற்றாண்டின் லொம்பார்து மன்னன் அல்போயினின் மனைவி பெயர் ரொஸ்முந்தா.

ஏன் இப்படி இரட்டைப் பெயர்கள் பெருகின? 1563இல் முடிந்த, கத்தோலிக்கத் திருச்சபையின் திரெந்து பொதுச்சங்கம் பங்குக் கோயில்களில் பதிவேடு வைப்பதைக் கட்டாயமாக்கியது. 1566இல் வந்த உரோமைக் கத்தோலிக்க மறைக்கல்வி நூல், குழந்தைக்குப் புனிதர் ஒருவர் பெயரை வைக்கச் சொன்னது. அடுத்த நூற்றாண்டுகளில் மரியா என்ற பெயர் எங்கும் நிரம்பியது. 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இத்தாலியப் பெண்களிடையே முதலிடமும் அதற்குத்தான். ஒரு தெருவில் பத்து மரியா இருந்தால் எந்த மரியா என்று சொல்லியாக வேண்டுமே. அந்த வேலையை இரண்டாவது சொல் செய்தது. அதனால்தான் பல மரியா கிராட்சியாக்களை வீட்டில் வெறும் கிராட்சியா என்றே கூப்பிட்டார்கள். மரியா காணிக்கைச் சொல், கிராட்சியா கூப்பிடும் பெயர். இரண்டாம் உலகப் போருக்கு முன்னும் பின்னுமான சில பத்தாண்டுகள் இந்த வகைப் பெயர்களுக்குப் பொற்காலம். இன்று சோஃபியா, அவுரோரா காலம். மரியகிராட்சியா என்ற பெயரைக் கேட்டால் இத்தாலியர் மனதில் நடுவயது தாண்டிய ஒருவர்தான் வருவார்.

சொல் வரிசை மாறினாலும் ஆள் மாறுவதுண்டு. 1926ஆம் ஆண்டுக்கான இலக்கிய நோபல் பெற்ற சார்தீனிய எழுத்தாளர் கிராட்சியா தெலெத்தாவின் முழுப் பெயர் கிராட்சியா மரியா கோசிமா தமியானா. இங்கே கிராட்சியாதான் முதல், மரியா துணை. மற்ற இரண்டு பெயர்கள் எப்படி வந்தன என்று பார்த்தால், 1871இல் அவர் பிறந்தது செப்டம்பர் 27ஐ ஒட்டி. அன்றைய வழிபாட்டு நாட்காட்டியில் அது புனிதர்கள் கோஸ்மாஸ், தமியான் திருநாள். ஆடையுலகில் 2016இல் டியோர் நிறுவனத்தின் படைப்புப் பொறுப்புக்கு வந்த முதல் பெண் மரியா கிராட்சியா கியூரி. அவர் இடைவெளி விட்டே எழுதுகிறார்.

இப்போது மூன்றாவது கேள்வி. மொழிப்படி இரண்டும் சரி. சட்டப்படி மூன்று வடிவம் இருக்கிறது, மூன்றுக்கும் விளைவு வேறு. இத்தாலியப் பிறப்பு, இறப்புப் பதிவை ஆள்வது 2000ஆம் ஆண்டின் 396ஆம் எண் குடியரசுத் தலைவர் ஆணை. அதன் 35ஆம் பிரிவின்படி குழந்தைக்கு அதிகபட்சம் மூன்று பெயர் வைக்கலாம். ‘மரியகிராட்சியா’ என்று ஒட்டி எழுதினால் ஒரு பெயர். ‘மரியா கிராட்சியா’ என்று காற்புள்ளி இல்லாமல் எழுதினால் இரண்டு சொல்லும் சேர்ந்தே எல்லாச் சான்றிதழிலும் வரும். ‘மரியா, கிராட்சியா’ என்று நடுவில் காற்புள்ளி வைத்தால், சான்றிதழ்களில் முதல் பெயரான மரியா மட்டும்தான் வரும். கிராட்சியா பிறப்புப் பதிவின் மூலப் பக்கத்தோடு நின்றுவிடும். இந்தக் காற்புள்ளி விதி 2012ஆம் ஆண்டின் 219ஆம் எண் சட்டத்தால் சேர்க்கப்பட்டது. ஒரு காற்புள்ளி ஒருவரின் பாதிப் பெயரைத் தின்றுவிடும்.

2001 மார்ச் 30ஆம் தேதி அந்த ஆணை நடைமுறைக்கு வருவதற்கு முன் பிறந்தவர்களுக்கு 36ஆம் பிரிவு ஒரு வழி வைத்திருக்கிறது. பிறந்த ஊர் நகராட்சியின் பதிவு அலுவலரிடம், தன் பெயரின் எந்தெந்தச் சொற்கள் சான்றிதழில் வர வேண்டும் என்று எழுத்துமூலம் அறிவித்துவிடலாம். பள்ளியில் ஒரு பெயர், பத்திரத்தில் ஒரு பெயர் என்று அலைபவர்களுக்கு இது சுலபமான வழி. புதிதாகப் பெயர் சேர்க்கவோ வேறு பெயருக்கு மாறவோ இது உதவாது. அதற்கு மாவட்டத்தில் அரசின் பிரதிநிதியாக இருக்கும் ‘பிரெஃபெத்தோ’விடம் தனி மனு போட வேண்டும்.

இதெல்லாம் எங்கே உறைக்கும் என்றால் ‘கோதிச்சே ஃபிஸ்காலே’ என்ற வரி அடையாள எண்ணில். நம் ஆதாரும் பான் அட்டையும் சேர்ந்தது மாதிரி, 16 இடங்கள் கொண்டது. குடும்பப் பெயருக்கு மூன்றெழுத்து, சொந்தப் பெயருக்கு மூன்றெழுத்து, பிறந்த ஆண்டுக்கு இரண்டு இலக்கம், மாதத்துக்கு ஓரெழுத்து, நாளுக்கு இரண்டு இலக்கம், ஊருக்கு நான்கு, கடைசியில் சோதனை எழுத்து ஒன்று. சொந்தப் பெயரில் மெய்யெழுத்துகளை மட்டும் எடுக்க வேண்டும். நான்கோ அதற்கு மேலோ இருந்தால் ஒன்றாவது, மூன்றாவது, நான்காவது மெய். மரியா கிராட்சியாவை லத்தீன் எழுத்தில் எழுதி மெய்களைப் பொறுக்கினால் எம், ஆர், ஜி, ஆர், இசட் என்று ஐந்து. அதில் ஒன்று, மூன்று, நான்கு எடுத்தால்? எம்.ஜி.ஆர். ஆமாம், ஒட்டி எழுதினாலும் இடைவெளி விட்டு எழுதினாலும் இத்தாலியின் ஒவ்வொரு மரியகிராட்சியாவின் வரி எண்ணிலும் நான்காம் இடத்திலிருந்து எம்.ஜி.ஆர். உட்கார்ந்திருக்கிறார்.

1965 ஜூலை 2ஆம் தேதி பிறந்த மரியா கிராட்சியா ஒருவரை எடுத்துக்கொண்டால், எம்.ஜி.ஆருக்கு அடுத்து 65, பிறகு ஜூலைக்கு உரிய ‘எல்’, பிறகு 42. தேதி 2 எப்படி 42 ஆனது என்றால், பெண்களுக்குப் பிறந்த நாளோடு 40 கூட்டுவார்கள். இதே பெண்ணின் பதிவில் காற்புள்ளி இருந்தால் கணக்கு ‘மரியா’வுக்கு மட்டும். மெய் இரண்டே இரண்டு என்பதால் ஓர் உயிரைச் சேர்த்து ‘எம், ஆர், ஏ’ என்று வரும். பிறப்புப் பதிவு ஒன்றும் வரி எண் ஒன்றுமாக இருந்தால் கணினி இருவர் என்றே நினைக்கும். வங்கி, ஓய்வூதியம், சொத்துப் பதிவு எல்லாம் அங்கே முட்டி நிற்கும். ஆகவே இத்தாலியில் குழந்தைக்கு இந்தப் பெயரை வைக்க நினைப்பவர் ஒட்டி எழுதுவதே நல்லது என்பது என் கருத்து. பிரியாது, சுருங்காது, வெளிநாட்டிலும் பாதி தொலையாது.

வெளிநாட்டில் தொலைவது எப்படியென்றால், இத்தாலியில் நடுப்பெயர் என்ற ஒன்றே கிடையாது. மரியா கிராட்சியா முழுக்கவும் ‘நோமே’, சொந்தப் பெயர். அமெரிக்கப் படிவத்தில் அதை நிரப்பும்போது மரியாவை முதல் பெயர்க் கட்டத்திலும் கிராட்சியாவை நடுப்பெயர்க் கட்டத்திலும் போட்டால், அடுத்த அட்டையில் அவர் ‘மரியா ஜி.’ ஆகிவிடுவார். இரண்டு சொல்லையும் முதல் கட்டத்திலேயே போட்டு நடுக்கட்டத்தை வெறுமையாக விடுவதுதான் சரி. விமானச் சீட்டில் இடைவெளி மறைந்து ஒரே சொல்லாக அச்சாவதைப் பார்த்துப் பதற வேண்டாம். பல முன்பதிவுக் கணினிகளின் வழக்கம் அது. கவனிக்க வேண்டியது எழுத்து ஏதும் விடுபட்டிருக்கிறதா என்பதைத்தான்.

முன்னோரைத் தேடுகிறவர்களுக்கு இந்தப் பெயர் ஒரு தலைவலி. ஞானஸ்நானப் பதிவு லத்தீனில் இருக்கும். அங்கே அவர் ‘மரியா கிராசியா’, வாக்கியத்துக்கு ஏற்ப ‘மரியாம் கிராசியாம்’ என்று வேற்றுமை உருபோடும் வருவார். நேப்பிள்ஸ் அரசில் 1809 முதல், சிசிலியில் 1820 முதல், ஒன்றிணைந்த இத்தாலியில் 1866 முதல் அரசுப் பதிவேடுகள் உண்டு. அவற்றில் அதே பெண் பிறப்பில் மரியா கிராட்சியா, திருமணத்தில் கிராட்சியா, பிள்ளைகளின் பதிவில் கிராட்சியெல்லா என்று இருக்கலாம். மூன்று பேர் என்று எண்ணி வம்சாவளியில் மூன்று கிளை வரைந்துவிடுவார்கள். அரசு ஆவணக் காப்பகங்களின் ‘அந்தெனாத்தி’ இணையதளத்தில் தேடும்போது கிராட்சியா என்றும் ஒரு முறை, மரியா என்றும் ஒரு முறை, சேர்த்து ஒரு முறை தேட வேண்டும். ஒரே வீட்டில் நான்கு பெண்களுக்கும் மரியா என்று தொடங்கினால் திகைக்க வேண்டாம். இரண்டாவது சொல்லைத்தான் பார்க்க வேண்டும். இறந்த குழந்தையின் பெயரையே அடுத்துப் பிறந்ததற்கு வைக்கும் வழக்கமும் இருந்தது, ஆகவே தேதியைப் பார்க்காமல் ஆளை முடிவு செய்யக் கூடாது.

பெயர்த் திருநாள் பெரும்பாலும் ஜூலை 2. பழைய நாட்காட்டியில் மரியா எலிசபெத்தைச் சந்தித்த திருநாள் அன்றுதான் இருந்தது. 1969 சீர்திருத்தத்தில் அது மே 31க்கு மாறியது. ஆனால் வரங்களின் மாதாவின் தேர் பல ஊர்களில் ஜூலை 2ஐ விட்டு நகரவில்லை, தன் பாதுகாவலியாக அவரைக் கொண்டாடும் பெனவெந்தோ நகரம் உட்பட. சிலர் மரியாவின் திருப்பெயர் நாளான செப்டம்பர் 12ஐக் கொண்டாடுவதும் உண்டு.

கூப்பிடுவது எப்படி? கிராட்சியா, கிராட்சியெல்லா, மரி எல்லாம் நடப்பில் உள்ளவை. ரோமிலிருந்து தெற்கே போகப் போக வேறொரு வழக்கம். பெயரை அழுத்தம் விழும் உயிரோடு வெட்டிவிடுவார்கள். நாம் முருகனை ‘முருகா’ என்று கடைசி உயிரை நீட்டி விளிக்கிறோம். அவர்கள் அந்தோனியோவை ‘அந்தோ’ என்றும் மரியாவை ‘மரீ’ என்றும் நறுக்கி விளிக்கிறார்கள். மரியகிராட்சியா அங்கே ‘மரியக்ரா!’. மாடியிலிருந்து ஒருவர் இப்படிக் கூப்பிடுவதைக் கேட்டால் அழுத்தம் எங்கே என்ற சந்தேகமும் தீர்ந்துவிடும்.